சிரில் ஓல்ட்ராய்டின் ஒன்பது மூச்சு

மாலை நாலரை மணி.

சிரிக்காதீர்கள்… வடக்கு இங்கிலாந்தில், ஜனவரி மாதத்தில், நாலரை என்றால் நடுநிசிதான். டாட்மார்டனுக்கும் பர்ன்லிக்கும் நடுவே மேட்டின் மேலாக ஒரு பழைய சாலை போகிறது. இரண்டு பக்கமும் கறுத்த புல், இடிந்த கல் சுவர், ஆடுகள். அந்த நேரத்துக்கு ஆடுகள்கூடச் சுவரோரம் ஒண்டிக்கொள்ளும். வீடு கிடையாது. விளக்குக் கம்பம் கிடையாது. அந்தச் சாலையில் ஒரு வேன் ஊர்ந்துகொண்டிருந்தது. ஹீட்டர் செத்துப்போன வேன்.

ஓட்டியவன் டெரெக் ஆஷ்வொர்த். அறுபத்தெட்டு வயது. பக்கத்தில் அவன் மனைவி ஜோனின் அக்கா, மேவிஸ். வேன் மேவிஸுடையது. கண்ணில் புரை விழுந்திருந்ததால் இருட்டினால் அவள் ஓட்டமாட்டாள். இந்தக் கதையை எனக்குச் சொன்னவளும் அவள்தான்.

மேவிஸ் பழைய சாமான் வியாபாரி. யாராவது செத்தால், அல்லது முதியோர் இல்லத்துக்குப் போனால், வீட்டைக் காலி செய்து கொடுத்துவிட்டு அதில் கிடைப்பதை விற்பாள். விற்கும்போது வாய் கூசாமல் பொய் சொல்வாள். கால் ஆடுகிற நாற்காலியை 'ராஜா உட்கார்ந்து ஆடியது' என்பாள். ஆனால் இதைச் சொன்னபோது மட்டும் குரலை இறக்கிச் சொன்னாள்… எதையும் விற்காத குரல். அதனால் நான் நம்பினேன். நீங்கள் உங்கள் இஷ்டம். இன்னும் கொஞ்சம் கிட்ட வந்து உட்காருங்கள், அந்த ஜன்னல் பக்கம் குளிரடிக்கிறது.

வேனின் முன்கண்ணாடி நிமிஷத்துக்கு ஒருமுறை வெள்ளையாகப் பூத்தது. இரண்டு பேர் விடுகிற மூச்சு. மேவிஸ் ஸ்வெட்டர் கையால் தன் பக்கத்தைத் துடைப்பாள். எட்டி அவன் பக்கத்தையும் துடைப்பாள். துடைத்த கை இறங்குவதற்குள் மறுபடி பூக்கும்.

"குதிர மாதிரி மூச்சு விடாத தம்பி. ரோடு தெரியல."

"மூச்சு விடாம ஓட்டணுமா?"

"முடிஞ்சா நல்லது. பள்ளத்துல விழாம வீடு போய்ச் சேரலாம்."

டெரெக் சிரிக்கவில்லை. சிரிக்கத் தெம்பில்லை. மூன்று வருஷமாக அவன் ஒரு ராத்திரி முழுசாகத் தூங்கியதில்லை. ஜோனுக்கு நுரையீரல் போய்விட்டது. பஞ்சு மில்லில் பதினெட்டு வருஷம் வேலை பார்த்தவள். பஞ்சு பாதி தின்றது, சிகரெட் மீதியைத் தின்றது. மாடி அறையில் கட்டிலுக்குப் பக்கத்தில் ஆக்சிஜன் எந்திரம். புஸ்… டக். புஸ்… டக். மூக்கில் குழாய். அதற்கும் மேலே அவள் மூச்சு… ஈரத் துணியைக் கிழிக்கிற சத்தம். வீட்டில் எந்த மூலைக்குப் போனாலும் கேட்கும். சமையலறையில் கேட்கும். குளியலறையில் கேட்கும். அவன் மனசுக்குள் எதையாவது எண்ணத் தொடங்கினால் அந்த மூச்சுதான் தாளம் போடும்.

அன்றைக்கு அவர்கள் போய்வந்தது மேட்டின் மேலிருந்த ஒரு பண்ணை வீட்டுக்கு. ஹில்டா என்ற எண்பத்தைந்து வயதுக் கிழவி வீட்டை விட்டு இல்லத்துக்குப் போகிறாள். மேவிஸ் போன காரணம் வேறு. ஹில்டாவின் தாய்மாமன் சிரில் ஓல்ட்ராய்டு.

உங்களுக்குத் தெரிந்திருக்காது. தெரிந்தவர்கள் உலகத்திலேயே முன்னூறு பேர்தான் மிச்சம். ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதுகளில் லண்டன் ஓட்டல்களில் பெரிய பெரிய நடன பேண்டுகள் இருந்தன. அதில் ஒன்றில் சிரில் பாடுவான். பாட்டின் நடுவில் சீட்டியடிப்பான். வெளியே விடும் மூச்சிலும் அடிப்பான், உள்ளே இழுக்கும் மூச்சிலும் அடிப்பான். அதனால் நடுவில் வெட்டே விழாது. ஒரே நூலாகப் போகும். ஜோடி ஜோடியாக ஆடிக்கொண்டிருந்தவர்கள் ஆட்டத்தை நிறுத்திவிட்டு நின்று கேட்பார்களாம். பிறகு காசநோய் வந்தது. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்தாறில் போய்ச் சேர்ந்தான்.

இந்த மாதிரிப் பழைய அரக்கு இசைத்தட்டுகளைச் சுத்தம் செய்து குறுந்தகடாகப் போட்டு விற்பது மேவிஸின் இரண்டாவது தொழில். "என் வாடிக்கையாளருங்க ரொம்ப விசுவாசமானவங்க, செத்தாத்தான் நிறுத்துவாங்க" என்பாள். சுத்தம் செய்கிற வேலை டெரெக்கினுடையது. தொலைபேசி நிலையத்தில் முப்பது வருஷம் ஒயர் பிடித்தவன். காது கூர்மை.

ஹில்டா அலமாரியின் அடித்தட்டிலிருந்து ஒரு தட்டை எடுத்துக் கொடுத்தாள். நடுவில் வெள்ளைச் சீட்டு. பாட்டின் பெயர் இல்லை. பென்சிலால் ஒரு தேதி, அதன் கீழே 'தடவை: ஒன்று'. கம்பெனி வெளியிடாமல் தள்ளிவிட்ட சோதனைத் தட்டு.

"இத மட்டும் நாங்க போட்டதே இல்ல, கண்ணு" என்றாள் ஹில்டா. "எங்கம்மா அவருக்குத் தங்கச்சி. தொட விடமாட்டா. 'அவன் மூச்சு விட்டுக்கிட்டிருக்கான், தொந்தரவு பண்ணாத'ம்பா. நான் சின்னப் பொண்ணா இருக்கும்போது அலமாரிக்குள்ள நெஜமாவே ஆள் இருக்காருன்னு நெனச்சுக்கிட்டிருந்தேன்."

"தட்ட எனக்குக் குடு. இந்த அலமாரிய நானே தூக்கிட்டுப் போயிடறேன்" என்றாள் மேவிஸ்.

"அலமாரிய பூச்சி அரிச்சிருக்கே."

"பூச்சியையும் சேத்துத்தான் எடுத்துக்கறேன்."

பேரம் முடிந்தது. வேனில் வரும்போது தட்டு மேவிஸின் மடியில், அவள் கழுத்துத் துணியில் சுற்றியிருந்தது.

"நீ ஒரு சீட்டி அடிச்சுக் காட்டேன், பார்ப்போம்" என்று சீண்டினாள் மேவிஸ்.

"எனக்கு வராது. பல் செட்டு கட்டினதுலேர்ந்து ஊதினா காத்துதான் வருது."

அன்று ராத்திரி ஜோனுக்கு மாத்திரை கொடுத்து, விரலில் கிளிப்பை மாட்டி எண்ணைப் பார்த்தான். ரத்தத்தில் எவ்வளவு ஆக்சிஜன் என்று காட்டுகிற கிளிப். தொண்ணூற்றொன்று. அவள் உடம்புக்கு அது நல்ல எண். நோட்டில் எழுதினான். நர்ஸ் சொல்லியிருந்தாள்: எண்பத்தைந்துக்குக் கீழே போனால் யோசிக்காதே, ஆம்புலன்ஸைக் கூப்பிடு. ஜோன் வேறு சொல்லியிருந்தாள். போன குளிர்காலத்தில் ஆஸ்பத்திரி வராந்தாவில், தள்ளுவண்டிக் கட்டிலில், பதினோரு நாள் கிடந்தவள். "இன்னொரு தடவ அங்க அனுப்பினா நான் திரும்ப மாட்டேன், டெரெக். சத்தியம் பண்ணு." பண்ணியிருந்தான்.

கீழே வந்து தட்டைப் போட்டான். அவன் வேலை செய்கிற முறை ஒன்று உண்டு. ஹெட்ஃபோன் வலது காதில் மட்டும். இடது காது ஜோனுக்கு.

முதலில் பொரிகிற சத்தம். பிறகு இரண்டு சாக்ஸபோன், ஒரு வயலின். அப்புறம் சிரிலின் குரல்… களைத்த குரல், ஆனால் இனிமை. கடைசி டிராமைத் தவறவிட்டவன் மழையில் நடந்தே வீடு போகிற பாட்டு. பிறகு சீட்டி வந்தது. டெரெக் நாற்காலியில் நிமிர்ந்தான். அத்தனை அழகு. ஆனால் நூல் அறுந்து அறுந்து வந்தது. அடிக்கு அடி சிரில் மூச்சை இழுத்தான். ஈரத் துணியைக் கிழிக்கிற சத்தம்.

வலது காதில் அவன். இடது காதில் அவள்.

மொத்தம் ஒன்பது இடம். பாட்டு முடிந்தது. இரண்டு விநாடி ஒன்றுமில்லை. பிறகு மைக்குக்குச் சற்றுத் தள்ளி, பேச்சுக் குரலில்:

"மன்னிக்கணும், ஐயா. கொஞ்சம் மூச்சு விட்டுக்கறேன்… அப்புறம் இன்னொரு தடவ."

நாற்காலி ஒன்று கிறீச்சிட்டது. தட்டு முடிந்தது.

இன்னொரு தடவை நடக்கவில்லை. அந்த வாரமே அவனைக் காசநோய் விடுதிக்குக் கொண்டுபோனார்கள், அவ்வளவுதான்.

தட்டு சுத்தம் செய்கிறவர்களிடம் ஒரு கட்டுப்பாடு உண்டு. தூசியை எடு, ஆளை எடுக்காதே. கீறல், வெடிப்பு, பொரிச்சல் எல்லாம் கீரையில் கல் பொறுக்குவதுபோலப் பொறுக்கி எறியலாம். பாடுகிறவன் இருமினால் இருமல் இருக்கட்டும், மூச்சு வாங்கினால் மூச்சு இருக்கட்டும். டெரெக் இருபது வருஷமாக அதை மீறியதில்லை.

அன்றைக்கு மீறினான். கணினித் திரையில் அந்த மூச்சுகள் சின்னச் சின்ன மேடுகளாகத் தெரிந்தன. முதல் மேட்டைத் தேய்த்து எடுத்தான். போட்டுக் கேட்டான். அந்த இடத்தில் அமைதி… மூன்று வருஷத்தில் அவன் கேட்டிராத அமைதி. இந்த வீட்டில் ஒரு மூச்சையாவது தன்னால் நிறுத்த முடிந்ததே என்று தோன்றியது. தப்பான நினைப்பு. அது அவனுக்கும் தெரிந்தது. இருந்தாலும் ஒன்பதையும் எடுத்தான். கடைசியில் இருந்த மன்னிப்பையும் எடுத்தான். இடத்தை அடைக்கிறது என்று, எப்போதும் செய்வதுபோல, மூலப் பிரதியைக் கணினியிலிருந்து அழித்துவிட்டுப் போய்ப் படுத்தான்.

காலையில் தட்டையும் சுத்தம் செய்த பாட்டையும் கொடுக்கப் போனபோது மேவிஸ் கடையில் நின்றபடியே பாட்டைப் போட்டுக் கேட்டாள்.

"டேய்… இந்த ஆளு மூச்சே விடலையே."

"விட்டாரு. நான் எடுத்துட்டேன்."

"எதுக்கு?"

"இடைஞ்சலா இருந்துது."

மேவிஸ் அவன் முகத்தைப் பார்த்தாள். ஏதோ சொல்ல வந்து, சொல்லாமல் விட்டாள். அவள் வாயில் வந்ததை விழுங்கியது அதுதான் முதல் தடவை என்று என்னிடம் சொன்னாள்.

அன்று ராத்திரி டெரெக் வேறொரு தட்டை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். வலது காதில் பாட்டு. இடது காதில் மேலேயிருந்து வழக்கமான புஸ்… டக்.

அப்போது பின்னால், நாற்காலி முதுகுக்கு ஒரு சாண் தள்ளி, யாரோ மூச்சை இழுத்தார்கள்.

ஒரே ஒரு இழுப்பு. நீளமாக, ஈரமாக. டெரெக் அசையவில்லை. இழுத்த மூச்சை வெளியே விடும் சத்தத்துக்குக் காத்திருந்தான். வரவில்லை. யூகலிப்டஸ் தைல வாசனை வந்தது. அதற்கடியில் கார்பாலிக் சோப்பு. அவர்கள் வீட்டில் இரண்டும் கிடையாது.

திரும்பிப் பார்த்தான். சுவரில் மாட்டியிருந்த கோட்டுகள்.

மேலே போய் கிளிப்பை மாட்டினான். தொண்ணூறு.

இரண்டாம் ராத்திரி மாடிப்படியின் அடியில் கேட்டது. எண்பத்தொன்பது. மூன்றாம் ராத்திரி படியின் நடுவில். எண்பத்தெட்டு. தூக்கமில்லாத மண்டை, எதையாவது கேட்கத்தான் செய்யும் என்று சொல்லிக்கொண்டான். அப்படித்தான் அவனால் சொல்லிக்கொள்ளவும் முடிந்தது. பயப்படுவதற்கும் கொஞ்சம் தெம்பு வேண்டுமே… அது அவனிடம் இல்லை. டீ போட்டுக் குடித்தான். மறுநாளும் அதே நாற்காலியில் உட்கார்ந்தான். நான்காம் ராத்திரி மாடி நடையில். எண்பத்தேழு. ஐந்தாம் ராத்திரி ஜோனின் அறைக் கதவுக்குப் பின்னால். எண்பத்தாறு.

ஆறாம் ராத்திரி அவன் கீழே போகவில்லை. கட்டிலோரம் ஜோனின் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். மணி இரண்டு இருக்கும். கட்டிலின் அந்தப் பக்கம் மெத்தை கொஞ்சம் அழுந்தியது… ஆள் உட்கார்ந்தால் அழுந்துகிற மாதிரி. தைல வாசனை. இழுப்பு.

ஜோன் கண்ணைத் திறந்தாள். வாய் திறந்திருந்தது, நெஞ்சு ஏறவில்லை. ஒன்று… இரண்டு… மூன்று… பிறகு திக்கித் திணறி அவளுக்கு மூச்சு வந்தது.

"டெரெக்… அந்தப் பக்கம் யாரு?"

"யாருமில்ல."

"இருக்காங்க. நாலஞ்சு நாளா வர்றாங்க. பாவம், ரொம்பக் களைச்ச ஆளு. நான் இழுக்கறதுக்கு முன்னாடி அவரு இழுத்துக்கறாரு. நான் இழுக்கப் போனா… மிச்சம் ஒண்ணுமில்ல."

கிளிப் எண்பத்தைந்து காட்டியது.

"நாளைக்கு ஆம்புலன்ஸக் கூப்பிட்டுடுவேன், ஜோன்."

"சத்தியம் பண்ணியிருக்க, கிழவா."

விடிந்தும் விடியாமல், நர்ஸ் வந்ததும் ஜோனை அவளிடம் விட்டுவிட்டு மேவிஸின் கடைக் கதவைத் தட்டினான். தலையில் முடி சுருட்டுகிற கம்பிகளோடு திறந்தாள் மேவிஸ்.

"யாரு செத்தா?"

"அந்தத் தட்டக் குடு. எடுத்ததெல்லாம் திருப்பி வைக்கணும்."

என்ன ஏது என்று கேட்காமல் கொடுத்தாள். அவளும் அதை அன்றிலிருந்து கல்லாவுக்குப் பக்கத்தில் வைக்காமல் வெளிக் கொட்டகையில்தான் வைத்திருந்தாள். காரணம் கேட்டதற்கு, "ராத்திரில கடைக்குள்ள தைலம் நாறுது" என்றாள்.

டெரெக் வீட்டுக்கு வந்து ஊசியை வைத்தான். பொரிச்சல் இருந்தது. கீறல் இருந்தது. இரண்டு சாக்ஸபோன், ஒரு வயலின், குரல், சீட்டி. சீட்டி நின்றது…

மூச்சு இல்லை.

தட்டில். கணினியில் இல்லை, தட்டில்! எண்பது வருஷத்துக்கு முன்னால் அரக்கில் அழுத்திய வரியில். பொரிச்சல்கூட அந்த ஒன்பது இடங்களில் மட்டும் கேட்கவில்லை. கிணற்று வாயில் காதை வைத்தாற்போல இருந்தது. பாட்டு முடிந்தது. மன்னிப்பும் இல்லை. நாற்காலி கிறீச்சிட்டது மட்டும் இருந்தது, ஆள் எழுந்து போனதற்கு அடையாளமாக.

அன்று பகல் முழுக்க டெரெக் மேஜை முன்னால் உட்கார்ந்திருந்தான். சிரிலுக்கு இன்னொரு தடவை பாட வேண்டும். அதற்கு ஒன்பது மூச்சு வேண்டும். அவனுடைய ஒன்பதைத்தான் இவன் குப்பையில் போட்டுவிட்டானே. ஆறு வந்துவிட்டது. இன்னும் மூன்று. ஜோனிடம் மூன்று இல்லை.

இருட்டியதும் மாடிக்குப் போய் அவளுடைய மருந்துகளைக் கொடுத்தான். நெற்றியில் கை வைத்தான். கீழே வந்து பெட்டியைத் தேடி ஒரு மைக்கை எடுத்து மேஜையில் நிறுத்தினான். இரண்டு காதிலும் ஹெட்ஃபோனை மாட்டினான். மூன்று வருஷத்தில் இடது காதை மூடியது அன்றுதான். யூகலிப்டஸ் வாசனை ஏற்கெனவே படியடிக்கு வந்திருந்தது.

"மேல போகாதீங்க" என்றான், திரும்பாமல். "அவகிட்ட இருக்கறது அவளுக்கே பத்தாது. அவளோடத திருப்பிக் குடுத்துடுங்க. ஒம்பதும் எங்கிட்டயே எடுத்துக்கங்க."

தான் சுத்தம் செய்த பாட்டை ஓடவிட்டான். சீட்டி வந்தது. முதல் வெற்றிடம் வந்தது. டெரெக் மைக்கில் மூச்சை இழுத்தான். இரண்டாவது. இழுத்தான். அவனும் முப்பது வருஷம் சிகரெட் குடித்தவன்தான், மூன்றாவதிலேயே நெஞ்சு எரிந்தது. ஆனால் ஒவ்வொரு இழுப்புக்கும் உடம்பு லேசாகிக்கொண்டே போயிற்று… கனமான கோட்டை ஒவ்வொரு பொத்தானாகக் கழற்றுகிற சுகம். ஏழு. எட்டு. ஒன்பது.

ஒன்பது முறை இழுத்தான். நடுவில் எப்போதாவது வெளியே விட்டோமா என்று பிறகு யோசித்துப் பார்த்தான். விட்டதாக நினைவில்லை.

பாட்டு முடிந்தது. கணினித் திரையில் கோடு தட்டையாகக் கிடந்தது. ஆனால் ஹெட்ஃபோனில் இன்னொரு தரம் ஆரம்பித்தது… இப்போது பேண்டு இல்லை, பொரிச்சல் இல்லை. அறைக்குள் நின்று அடிக்கிற சீட்டி. கடைசி டிராம் போய்விட்டது, மழை பெய்கிறது, வீடு தூரம். ஒரே நூல். எங்கும் அறவில்லை. டெரெக்கின் கண்ணில் நீர் வழிந்தது. துடைக்கத் தோன்றவில்லை.

முடிந்தபோது காதோரம் ஒரு களைத்த குரல் கேட்டது.

"இப்ப சரியா இருந்துதா, ஐயா?"

"சரியா இருந்துது."

"இன்னொரு தடவ வேண்டாமே?"

"வேண்டாம். போய்ப் படுங்க."

நாற்காலி கிறீச்சிட்டது. வாசனை போய்விட்டது.

காலையில் கிளிப் தொண்ணூற்று மூன்று காட்டியது. பழுதாகிவிட்டதோ என்று தன் விரலில் மாட்டிப் பார்த்தான். எண் எதுவும் வரவில்லை, இரண்டு கோடுதான். ஜோனின் விரலில் மறுபடி மாட்டினான். தொண்ணூற்று மூன்று. அவள் தலையணையில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். கன்னத்தில் நிறம் இருந்தது.

"ஜன்னலத் திற. சிப்ஸ் வாங்கிட்டு வா. வினிகர் நிறைய ஊத்தச் சொல்லு."

"காலைல எட்டு மணிக்கு எவன்டீ சிப்ஸ் போடுவான்?"

"அப்ப போய் அவன எழுப்பு." பிறகு அவனையே கொஞ்ச நேரம் பார்த்தாள். "ராத்திரி நீ குறட்டையே விடல, கிழவா. நாற்பத்தஞ்சு வருஷத்துல முதல் தடவ. அது இல்லாம எனக்குத் தூக்கம் பிடிக்க நேரமாச்சு."

"அசதி இல்ல. அதான்."

அது உண்மை. அசதி இல்லை. மூன்று வருஷ அசதி, எலும்புக்குள் ஊறிக் கிடந்தது, ஒரே ராத்திரியில் எங்கேயோ போயிருந்தது. படியில் இரண்டு இரண்டாக ஏறினான்.

பத்து நாள் கழித்து மேவிஸ் குறுந்தகடு ஒன்றை எடுத்துக்கொண்டு ஹில்டாவைப் பார்க்கக் கிளம்பினாள். டெரெக்தான் ஓட்டினான். ஹில்டா இல்லத்தில் ஜன்னலோரம் உட்கார்ந்து கேட்டாள். முடிந்ததும், "இதுல மாமா மூச்சு விடற சத்தம் கேக்குதே… யாரோ வேற ஆளு மூச்சு மாதிரி இருக்கே, கண்ணு" என்றாள். அந்தத் தகட்டில் டெரெக் எந்த மூச்சையும் வைக்கவில்லை.

திரும்பி வரும்போது மாலை நாலரை. அதே மேட்டுச் சாலை. கும்மிருட்டு. வெளியே தண்ணீர் உறைகிற குளிர். ஹீட்டரை மேவிஸ் இன்னும் பழுது பார்க்கவில்லை… பார்க்கவும் மாட்டாள். ஜோன் சமையலறைக்கு இறங்கி வந்ததைப் பற்றி, கடைக்கு வந்த ஒரு கஞ்சனைப் பற்றி, வாய் ஓயாமல் பேசிக்கொண்டே ஸ்வெட்டர் கையால் கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு வந்தாள். பூத்தது. துடைத்தாள். பூத்தது. துடைத்தாள்.

பேச்சு நின்றது.

டெரெக் திரும்பிப் பார்த்தான். மேவிஸ் கண்ணாடியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் பக்கம் பால் கொட்டினாற்போல வெள்ளை. நடுவில் ஒரு கோடு கிழித்த மாதிரி அது நின்றிருந்தது. அவன் பக்கம்… சுத்தம். புதிதாகக் கழுவி வைத்த கண்ணாடி. வண்டி விளக்கு வெளிச்சத்தில் மேட்டின் புல் ஒவ்வொன்றும் தெரிந்தது.

"வண்டிய நிறுத்து, தம்பி."

நிறுத்தினான். என்ஜினை அணைத்தான். மேட்டில் காற்றுகூட இல்லை. மேவிஸின் மூச்சு மட்டும் கேட்டது. வேகமாக. அவள் வாயிலிருந்து புகை புகையாக வந்தது.

"டெரெக்… அந்தக் கண்ணாடில ஒரு ஊது ஊது. எனக்காக."

அவன் முன்னால் குனிந்தான். உதட்டைக் குவித்தான். கண்ணாடிக்கு இரண்டு விரல் தள்ளி வாயை வைத்து ஊதினான்.

கண்ணாடி பூக்கவில்லை.

சீட்டி வந்தது.

மேவிஸ் கதவுப் பிடியில் கை வைத்தாள். ஆனால் அந்தச் சாலையில் இறங்கி எங்கே போவாள்? டெரெக் ஒன்றும் நடக்காததுபோல வண்டியை எடுத்தான். முகத்தில் களைப்பே இல்லை, நல்லாத் தூங்கி எழுந்தவன் முகம் என்று சொன்னாள். டாட்மார்டன் போய்ச் சேரும்வரை சீட்டியடித்துக்கொண்டே ஓட்டினானாம். கடைசி டிராம் போய்விட்ட பாட்டு.

பதினோரு மைல். நடுவில் ஓரிடத்திலும் அறவில்லை.